பிடி நிறைய மணல்: காலக் குறுவாள் எப்படி வேலை செய்கிறது?

இடிந்துகொண்டிருக்கும் ஓர் அரண்மனை. சுவரில் நாலு எட்டு ஓடி, எதிரே நீட்டிக்கொண்டிருக்கும் கம்பியைப் பிடித்து ஊஞ்சலாடி, அடுத்த விளிம்புக்குத் தாவுகிறான் இளவரசன். விரல் எட்டவில்லை. கீழே அதலபாதாளம். விழுகிறான்.

வேறு கேம் என்றால் இந்த இடத்தில் திரை கறுத்துவிடும், பழைய இடத்திலிருந்து மறுபடி ஆரம்பிக்க வேண்டியதுதான். இங்கே ஒரு பொத்தானை அழுத்திப் பிடிக்கிறோம். சத்தம் தலைகீழாக ஓடுகிறது. திரையின் ஓரங்கள் மங்குகின்றன. விழுந்தவன் மேலே எழும்புகிறான், கை கம்பியைப் பிடிக்கிறது, பின்பக்கமாக ஊஞ்சலாடி, சுவரில் பின்பக்கமாகவே ஓடி, கிளம்பிய இடத்தில் வந்து நிற்கிறான். பொத்தானை விட்டதும் நேரம் வழக்கம்போல் முன்னால் ஓடுகிறது. எல்லாம் பழையபடி இருக்கிறது. திரை மூலையில் மின்னிக்கொண்டிருந்த வட்டங்களில் ஒன்று மட்டும் அணைந்திருக்கிறது.

அந்த அணைந்த வட்டம் என்னவென்று புரிந்துவிட்டால், இப்படி நேரத்தைத் திருப்பித் தரும் காலக் குறுவாள் முழுவதும் புரிந்துவிடும். இந்தக் கட்டுரை அதற்காகத்தான்.

இந்தக் குறுவாள் வருவது 2003-ஆம் ஆண்டின் கடைசியில் வெளிவந்த 'பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியா: தி சாண்ட்ஸ் ஆஃப் டைம்' என்ற வீடியோ கேமில். செய்தவர்கள் கனடாவில் இருக்கும் யுபிசாஃப்ட் மாண்ட்ரியால் குழுவினர். கேம் விளையாடும் பழக்கமே இல்லாதவர்களும் படிக்கலாம். பொத்தான்களைப் பற்றி அதிகம் பேசப்போவதில்லை. ஒரே ஒரு எச்சரிக்கை: கதையின் முடிவைச் சொல்லாமல் இந்த ஆயுதத்தை விளக்க முடியாது. விளையாடிவிட்டுத்தான் தெரிந்துகொள்வேன் என்பவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்ளுங்கள்.

முதலில் கதை, சுருக்கமாக

பாரசீக மன்னர் ஷாராமன், தன் மகனோடும் படையோடும் ஆசாத் நகரத்துச் சுல்தானைப் பார்க்கப் போகிறார். போகும் வழியில் இந்திய மகாராஜா ஒருவரின் அரண்மனையைத் தாக்குகிறார்கள். காட்டிக்கொடுப்பது அந்த மகாராஜாவிடமே வேலை பார்க்கும் வசீர், அதாவது மந்திரி. நோயில் செத்துக்கொண்டிருக்கும் அந்த ஆளுக்குச் சாவே இல்லாத வாழ்வு வேண்டும். அதைத் தரக்கூடியது மகாராஜாவின் அரண்மனையில் இருக்கும் ஒரு பிரம்மாண்டமான மணற்கடிகாரம். அதற்குள் அடைபட்டிருப்பது காலத்தின் மணல்.

சண்டைக்கு நடுவே, அப்பா முன்னால் பேர் வாங்க வேண்டும் என்ற ஆசையில் இளவரசன் பொக்கிஷ அறைக்குள் தனியாக நுழைந்து ஒரு குறுவாளை எடுத்துவிடுகிறான். மணற்கடிகாரமும், சிறைபிடிக்கப்பட்ட மகாராஜாவின் மகள் ஃபாராவும் கொள்ளைப் பொருள்களோடு ஆசாத் போய்ச் சேருகிறார்கள். அங்கே வசீர் இளவரசனின் மனதைக் கலைத்து, குறுவாளை மணற்கடிகாரத்தில் செருக வைக்கிறான். மணல் வெளியே கொட்டுகிறது. அரண்மனையில் இருந்த அத்தனை பேரும், மன்னர் ஷாராமன் உள்பட, மணல் பிசாசுகளாக மாறிவிடுகிறார்கள். தப்பித்தது மூன்றே பேர். இளவரசனைக் காப்பாற்றியது குறுவாள், ஃபாராவைக் காப்பாற்றியது அவள் கழுத்துப் பதக்கம், வசீரைக் காப்பாற்றியது அவன் கைத்தடி.

இதில் ஒன்றைக் கவனியுங்கள். குறுவாள் முதலில் ஆயுதமே அல்ல. அது ஒரு சாவி. மணற்கடிகாரத்தைத் திறக்கவும் அதுதான், கடைசியில் மூடவும் அதுதான். இடைப்பட்ட நேரத்தில் அது மணலைப் பிடித்து வைக்கும் பாத்திரம். இந்த இரண்டுக்கும் அப்புறம்தான் ஆயுதம். இந்த வரிசை எனக்கு மிகவும் பிடிக்கும். மாயாஜாலக் கதைகளில் வாள் என்றால் முதலிலேயே வெட்டும், பிறகு அதற்கு ஒரு மந்திரம் ஒட்டவைப்பார்கள். இங்கே வெட்டுவதற்கு இளவரசனின் இடுப்பில் வேறொரு வாள் இருக்கிறது. குறுவாளின் வேலை வேறு.

என்னென்ன செய்யும்?

குறுவாளின் பிடி கண்ணாடி போன்றது, அதற்குள் மணல் மின்னும். அந்த மணலைச் செலவழித்தால் நேரம் வளையும். நமக்கு அதிகம் பயன்படுவது ஆரம்பத்தில் சொன்னது: நேரத்தைத் திருப்புவது. கேசட் போட்டுப் பாட்டுக் கேட்ட தலைமுறைக்கு ரிவைண்ட் என்றால் உடனே புரிந்துவிடும். எவ்வளவு தூரம் திருப்பலாம்? சுமார் பத்து நொடி. அதற்குமேல் போகாது. செத்து விழுந்த பிறகும்கூட ஓரிரு நொடி அவகாசம் உண்டு, அதற்குள் அழுத்தினால் சாவிலிருந்தும் திரும்பலாம்.

நேரத்தை மெதுவாக்குவது இன்னொன்று. சுற்றிலும் எல்லாம் தேன் வழிவது போல ஊர்ந்து நகரும். சுழலும் கத்திகளுக்கு நடுவே புகுந்து போக இது உதவும். இது புதுசில்லை, 2001-இல் வந்த 'மேக்ஸ் பெய்ன்' கேமிலேயே தோட்டாக்களை மெதுவாக்கிச் சண்டை போட்டிருக்கிறோம். எதிரியைக் குறுவாளால் தொட்டு, அவனை மட்டும் அப்படியே உறைய வைக்கவும் முடியும். கையில் இருக்கும் சக்தி அனைத்தையும் ஒரே மூச்சில் கொட்டினால் சுற்றியிருக்கும் எல்லா எதிரிகளும் உறைந்து நிற்க, இளவரசன் மட்டும் கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் பாய்ந்து வெட்டுவான். அப்புறம், அங்கங்கே சுழன்று எழும் மணல் தூண்களுக்குள் போய் நின்றால் அடுத்து வரப்போகும் காட்சிகள் துண்டு துண்டாகத் தெரியும். அந்தத் தூண்களில்தான் ஆட்டத்தைச் சேமிக்கவும் முடியும். இதில் எனக்கு ஒரு வியப்பு: பழையதைத் திருப்புவது, இப்போதையதை நிறுத்துவது, வரப்போவதைப் பார்ப்பது என மூன்று காலங்களிலும் அந்த மணலுக்குக் கை இருக்கிறது.

ஆனால் சக்திகளைப் பட்டியல் போடுவதால் குறுவாள் புரிந்துவிடாது. எந்த மாய ஆயுதத்தையும் புரிந்துகொள்ள, அது எதைச் செய்யாது என்று கேட்க வேண்டும்.

மணல் எங்கிருந்து வருகிறது?

மணல் எதிரிகளிடமிருந்து வருகிறது. மணல் பிசாசு ஒன்றை வாளால் எத்தனை முறை வெட்டிச் சாய்த்தாலும் அது சாகாது, சிறிது நேரத்தில் எழுந்துவிடும். கீழே கிடக்கும்போது குறுவாளை அதன்மேல் செருக வேண்டும். அப்போதுதான் அதற்குள் இருக்கும் மணலைக் குறுவாள் உறிஞ்சிக்கொள்ளும், பிசாசும் கரைந்து போகும். உறிஞ்சிய மணல் நம் கணக்கில் ஏறும், அணைந்த வட்டம் மறுபடி எரியும்.

இது சின்ன விஷயம் போலத் தோன்றும். விளையாடும்போது கை நடுங்கும். நாலு பேர் சூழ்ந்திருக்கிறார்கள், ஒருவனைச் சாய்த்துவிட்டோம். அவன் எழுவதற்குள் குறுவாளைச் செருக வேண்டும். ஆனால் குறுவாள் மணலை உறிஞ்சும் அந்தச் சில கணங்களில் இளவரசன் அசைய முடியாது, மற்ற மூன்று பேரும் முதுகில் வெட்டலாம். அப்படி வெட்டு வாங்கிச் செத்தால் அதைத் திருப்ப மணல் வேண்டும். மணலைப் பெறப் போய் மணலை இழக்கும் நிலைமை. எனவே ஒவ்வொரு முறையும் ஒரு கணக்குப் போட வேண்டியிருக்கிறது: இப்போதா, இன்னொருவனைத் தள்ளிவிட்ட பிறகா?

சித்தப்பா வீட்டுக் கணினியில் நானும் சித்தப்பா மகனும் முறை வைத்து விளையாடிய நாட்கள் நினைவில் இருக்கின்றன. அவன் ஒவ்வொரு சின்னத் தவறுக்கும் திருப்புவான். தாவியது கொஞ்சம் கோணலாக இருந்தால்கூடத் திருப்புவான், அழகாகத் தாவ வேண்டும் என்று. நான் ஒரு வட்டத்தைக்கூடத் தொடாமல் சேர்த்து வைப்பேன், பின்னால் பெரிய சண்டை வருமே என்று. ஒரே ஆயுதம்தான். அவன் கையில் செலவாளிக்கு வந்த புதையலாக இருந்தது, என் கையில் நெல்லுப் பானையாக இருந்தது. பல வருடம் கழித்து யோசிக்கும்போதுதான், அந்த ஆயுதம் நம் சுபாவத்தைத் திரையில் காட்டிக்கொண்டிருந்தது என்று உறைக்கிறது. அளவு இல்லாத சக்தியாக இருந்திருந்தால் இருவரும் ஒரே மாதிரிதான் விளையாடியிருப்போம்.

ஒப்பிட்டுப் பார்க்க ஒன்று சொல்கிறேன். 2008-இல் வந்த 'பிரெய்ட்' என்ற கேமில் எவ்வளவு வேண்டுமானாலும் நேரத்தைத் திருப்பலாம், செலவே கிடையாது. அதனால் அங்கே சாவுக்கு அர்த்தமே இல்லை. அந்தக் கேம் முழுக்க முழுக்கப் புதிர்களால் ஆனது. நேரத்தைத் திருப்பினாலும் மாறாத சில பொருள்களை வைத்து அந்தப் புதிர்களைக் கட்டியிருக்கிறார்கள். அருமையான கேம், ஆனால் அங்கே பயம் இல்லை. காலக் குறுவாளில் பயம் உண்டு. கடைசி வட்டம் அணைந்த பிறகு ஒரு பள்ளத்தைத் தாண்டிப் பாருங்கள், தெரியும்.

யாரைத் திருப்புகிறது, யாரை விடுகிறது?

நேரத்தை வளைக்கும் கதை எதுவானாலும், புதிதாகப் படிப்பவர்கள் குழம்பும் இடம் இதுதான். நேரம் பின்னால் போகிறது, சரி. அப்போது அதைத் திருப்பியவர் என்ன ஆகிறார்?

2015-இல் வந்த 'லைஃப் இஸ் ஸ்ட்ரேஞ்ச்' கேமில் மேக்ஸ் என்ற பெண்ணுக்கு நேரத்தைத் திருப்பும் சக்தி உண்டு. அவள் திருப்பும்போது உலகம் மட்டும் பின்னால் போகும், அவள் நின்ற இடத்திலேயே நிற்பாள், கையில் எடுத்த பொருளும் கையிலேயே இருக்கும். இளவரசன் அப்படியில்லை. அவன் உடம்பும் உலகத்தோடு சேர்ந்து பின்னால் போகிறது. சுவரில் ஓடியவன் சுவரில் பின்னோக்கி ஓடுகிறான். வாங்கிய காயம் மறைகிறது. எதிரி பழைய இடத்துக்குப் போகிறான், அவனுக்கு நடந்தது எதுவும் தெரியாது.

ஆக, எல்லாமே திரும்புகிறது. இரண்டைத் தவிர. ஒன்று, குறுவாளை வைத்திருப்பவனின் நினைவு. விழுந்ததும் செத்ததும் அவனுக்கு ஞாபகம் இருக்கும், அதனால்தான் இரண்டாம் முறை சரியாகத் தாவ முடிகிறது. மற்றொன்று, செலவான மணல். உடைந்த தூண் கூடிக்கொள்கிறது, சிந்திய ரத்தம் உடம்புக்குள் போகிறது, ஆனால் செலவழித்த மணல் பிடிக்குள் திரும்புவதில்லை.

இந்த இரண்டாவது விதியை நான் ரொம்ப நாள் கவனிக்கவே இல்லை. கவனித்த பிறகு அதைவிட அழகான விதி இந்தக் கேமில் இல்லை என்று தோன்றியது. காலத்தின் மணல் எல்லாவற்றையும் திருப்பும், தன்னைத் தவிர. விட்ட அம்பும் விட்ட சொல்லும் திரும்பாது என்பார்கள். இந்த உலகத்தில் அம்பும் திரும்பும், சொல்லும் திரும்பும். அவற்றைத் திருப்பிக் கொண்டுவந்த கூலி மட்டும் திரும்பாது.

இயந்திரத்துக்குள் என்ன நடக்கிறது?

கதையில் மணல் என்கிறார்கள். கணினிக்கு மணல் தெரியாது. பின்னே எப்படித் திருப்புகிறது?

விழுந்தவன் எப்படி மேலே எழ வேண்டும் என்று கணினி புதிதாகக் கணக்குப் போடுவதில்லை. அது ஏற்கெனவே எழுதி வைத்ததைத்தான் பின்னிருந்து படிக்கிறது. நாம் விளையாடிக்கொண்டிருக்கும்போதே அது ஒரு குறிப்பேட்டில் எழுதிக்கொண்டே போகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். இந்தக் கணத்தில் இளவரசன் எங்கே நின்றான், எந்தப் பக்கம் பார்த்தான், கை கால் எந்த நிலையில் இருந்தன, உயிர் எவ்வளவு மிச்சம், எதிரிகள் எங்கெங்கே, எந்தக் கதவு திறந்திருந்தது. அடுத்த கணத்துக்கும் இதே போல ஒரு பக்கம். பொத்தானை அழுத்தியதும் கடைசிப் பக்கத்திலிருந்து ஒவ்வொன்றாகப் பின்னால் புரட்டி, அதில் எழுதியிருக்கும் இடத்தில் எல்லோரையும் நிறுத்துகிறது. வேகமாகப் புரட்டினால் காலம் திரும்புவது போலத் தெரிகிறது.

இதில் எங்கே சிக்கல் என்றால், குறிப்பேடு நிரம்பிவிடும். நொடிக்கு 30 படம் என்று வைத்தால், பத்து நொடிக்கு 300 பக்கம். ஒவ்வொரு பக்கத்திலும் அந்த அறையில் அசையக்கூடிய அத்தனை பொருளின் நிலையும் இருக்க வேண்டும். இந்தக் கேம் ஓடிய பிளேஸ்டேஷன் 2-இல் இருந்த மொத்த நினைவகமே 32 எம்பிதான்; இன்றைக்குக் கைப்பேசியில் எடுக்கும் ஏழெட்டுப் படங்கள் போதும், அந்த இடத்தை அடைத்துக்கொள்ள. அதற்குள்தான் அரண்மனை, எதிரிகள், இசை எல்லாம் அடங்க வேண்டும், போதாததற்கு இந்தக் குறிப்பேடும். இந்த மாதிரி நிலைமையில் பொதுவாகச் செய்வது, புதுப் பக்கம் எழுத இடமில்லாதபோது மிகப் பழைய பக்கத்தின் மேலேயே எழுதிவிடுவது. செக்கு மாடு போலச் சுற்றிச் சுற்றி எழுதும். அதனால் எந்த நேரத்தில் பார்த்தாலும் கடைசிச் சில நொடிகள் மட்டும் கையில் இருக்கும், அதற்கு முந்தியது அழிந்திருக்கும்.

இப்போது குறுவாளின் பத்து நொடி எல்லையைத் திரும்ப நினைத்துப் பாருங்கள். திருப்பும் வசதிக்கு எங்காவது ஓர் எல்லை போட்டே ஆக வேண்டும் என்பது இயந்திரத்தின் நெருக்கடி. அதற்குக் கதையில் ஒரு காரணம் கொடுத்துவிட்டால் அது குறையாகத் தெரியாது. பிடிக்குள் எவ்வளவு மணல் இருக்கிறதோ அவ்வளவுதான் என்று சொன்னால் யாரும் மறுபேச்சுப் பேசமாட்டார்கள்.

உண்மையிலேயே வரிசை அப்படித்தான் நடந்தது. இந்தக் கேமை வழிநடத்திய பாட்ரிஸ் டெசிலேவும் குழுவினரும் நேரத்தைத் திருப்பும் வசதியை முதலில் யோசித்தார்கள். கதை எழுதிய ஜோர்டன் மெக்னர் அந்த வசதிக்கு ஏற்றபடி குறுவாளையும் மணலையும் கதைக்குள் கொண்டுவந்தார். ஒரே ஒரு பொருள்: எதிரி ஏன் தோன்றினான், அவனை எப்படி ஒழிப்பது, சக்தி எங்கிருந்து வருகிறது, அது ஏன் தீர்ந்துபோகிறது என்று எல்லாக் கேள்விக்கும் அந்த ஒரு பொருளே பதில். மாயாஜாலக் கதை எழுத ஆசைப்படுபவர்கள் இந்த ஒரு குறுவாளைப் பிரித்துப் பார்த்தாலே நிறையக் கற்றுக்கொள்ளலாம்.

அறுபது நிமிடம்

மெக்னர் இதற்கு வெளியாள் இல்லை. 1989-இல் ஆப்பிள் 2 கணினிக்கு வந்த முதல் 'பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியா' அவர் செய்ததுதான். தன் தம்பி ஓடுவதையும் தாவுவதையும் வீடியோ எடுத்து, அதைப் பார்த்து ஒவ்வொரு அசைவையும் வரைந்தார். அதனால்தான் அந்தக் குட்டி உருவம் நிஜ மனிதன் போல மூச்சிரைக்க ஓடியது.

நம்மில் பலருக்கு அதுதான் முதல் பிரின்ஸ். கறுப்புத் திரை, நிலவறை, கூர்முனைகள். அந்தக் கதையில் மந்திரி ஜாஃபர் இளவரசியின் அறையில் ஒரு மணற்கடிகாரத்தை வரவழைப்பான். ஒரு மணி நேரத்துக்குள் என்னைக் கட்டிக்கொள், இல்லாவிட்டால் சாவு. நமக்கு அறுபது நிமிடம். செத்தால் அந்த நிலையை மறுபடி ஆரம்பிக்கலாம், ஆனால் போன நிமிடங்கள் போனதுதான்.

அந்த மணற்கடிகாரத்தை எடுத்து 2003-இன் மணற்கடிகாரத்துக்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1989-இல் மணல் நமக்கு எதிரி. அது விழுந்துகொண்டே இருக்கும், நிறுத்த முடியாது. 14 வருடம் கழித்து அதே மணலை அள்ளி ஒரு குறுவாளின் பிடியில் போட்டு நம் கையில் கொடுத்தார்கள். முதல் கேமில் நேரம் தீர்ந்துவிடுமோ என்று பயந்தோம். இதில் நேரத்தை வாங்கித் தரும் மணல் தீர்ந்துவிடுமோ என்று பயப்படுகிறோம். இந்தத் தொடர்ச்சியை அறியாமல் விளையாடினாலும் ஆட்டத்தை ரசிக்கலாம். தெரிந்து விளையாடுபவர்களுக்குக் குறுவாளை முதன்முதலாக எடுக்கும் அந்தக் காட்சியில் புல்லரிக்கும்.

குறுவாள் இல்லாத கோபுரம்

ஒரு பொருளின் மதிப்பு அது இல்லாதபோது தெரியும். கேமின் பிற்பகுதியில் குறுவாள் நம்மிடமிருந்து போய்விடுகிறது. ஃபாரா அதை எடுத்துக்கொண்டு தனியாகக் கிளம்பிவிடுகிறாள். அவளை நம்பலாமா வேண்டாமா என்று கதை முழுக்கத் தவித்தவன் இளவரசன். அவனை முழுதாக நம்ப முடியாமல் போனது அவளுக்கு. அவன் நாடுதான் அவள் அப்பாவின் அரண்மனையைச் சூறையாடியது, அதை அவள் எப்படி மறப்பாள்? ஆனாலும் போகும்போது தன்னைக் காத்த பதக்கத்தை அவனிடம் விட்டுவிட்டுப் போகிறாள்.

இதற்குள் நமக்கு வேறொரு மாய வாள் கிடைத்திருக்கும். ஒரே வெட்டில் மணல் பிசாசுகளைக் கரைத்துவிடும் வாள். வெட்டுவதில் குறுவாளைவிடப் பல மடங்கு வலிமை. ஆனால் அதனால் நேரத்தைத் திருப்ப முடியாது. அந்த வாளோடு ஒரு பெரிய கோபுரத்தின் வெளிச்சுவரில் ஏற வேண்டும். இத்தனை மணி நேரம் விழுந்தால் திருப்பிக்கொள்ளலாம் என்று பழகிய கை, இப்போது ஒவ்வொரு விளிம்பிலும் தயங்கும். தாவுவதற்கு முன்னால் இரண்டு முறை கீழே பார்ப்போம். அதே தாவல்தான், அதே கைகள்தான். சண்டை சுலபமாகிவிட்டது, நடப்பது கடினமாகிவிட்டது. இந்தக் கோபுரத்தைப் போல இந்த ஆயுதத்தை எனக்கு விளக்கியது வேறில்லை. இங்கே ஒரு வசனம்கூடத் தேவைப்படவில்லை.

கோபுரத்தின் உச்சியில் ஃபாரா மணல் பிசாசுகளோடு போராடிக்கொண்டிருக்கிறாள். இளவரசனால் அவளைக் காப்பாற்ற முடியவில்லை, விழுந்து இறந்துபோகிறாள். குறுவாள் மட்டும் அவன் கையில் மிஞ்சுகிறது. வசீர் வந்து, குறுவாளைக் கொடு, உனக்கும் சாவில்லாத வாழ்வு தருகிறேன் என்கிறான். இளவரசன் மறுத்துவிட்டுக் குறுவாளை மணற்கடிகாரத்துக்குள் செருகுகிறான். எந்தச் செயலால் எல்லாம் ஆரம்பித்ததோ, அதே செயல். இந்த முறை திரும்புவது பத்து நொடி அல்ல. கதை முழுவதும் திரும்புகிறது. படையெடுப்புக்கு முன்னால், மகாராஜாவின் அரண்மனை இன்னும் தாக்கப்படாத இரவில் இளவரசன் விழித்துக்கொள்கிறான். குறுவாள் கையில் இருக்கிறது.

பெரிய அளவிலும் அதே விதிதான். உலகம் திரும்பியது, குறுவாளும் அதை வைத்திருந்தவனின் நினைவும் திரும்பவில்லை. செத்தவர்கள் எல்லோரும் உயிரோடு இருக்கிறார்கள். அப்பா உயிரோடு இருக்கிறார், ஃபாரா உயிரோடு இருக்கிறாள். ஆனால் ஃபாராவுக்கு இவன் யாரென்றே தெரியாது.

இந்தத் தொடரின் அடுத்த கேம், 2004-இல் வந்த 'வாரியர் விதின்', இதை இன்னும் கடுமையாக எடுத்துக்கொள்கிறது. மணலைத் திறந்துவிட்டவன் சாக வேண்டும் என்பது விதி. இவன் தப்பிவிட்டதால் காலத்தின் காவலனான தஹாக்கா என்ற பூதம் அவனை விரட்டுகிறது. 2010-இல் வந்த சினிமாவிலும் குறுவாள் உண்டு, அங்கே ஒரு முறை நிரப்பினால் ஒரு நிமிடம் வரை திருப்பலாம். எனக்கு அவை இரண்டைவிட முதல் கேமின் முடிவுதான் நெருக்கம். அங்கே தண்டனை கொடுக்க எந்தப் பூதமும் வருவதில்லை.

அந்த இரவில் இளவரசன் மதிலேறி ஃபாராவின் அறைக்குப் போகிறான். நடந்தது முழுவதையும் அவளுக்குச் சொல்கிறான். நாம் இதுவரை விளையாடிய கேம் முழுவதும் அவன் அவளிடம் சொல்லும் இந்தக் கதைதான் என்று அப்போதுதான் விளங்குகிறது. நாம் ஒவ்வொரு முறை விழுந்து செத்தபோதும், இல்லை, அப்படி நடக்கவில்லை என்று ஒரு குரல் திருத்தியதே, அது இந்த அறையில் உட்கார்ந்து கதை சொல்லும் இளவரசனின் குரல். ஆயிரத்தொரு இரவுகளில் ஒரு பெண் தன் உயிரைக் காத்துக்கொள்ள அரசனுக்குக் கதை சொன்னாள். இங்கே ஓர் இளவரசன், ஒரு பெண்ணின் உயிரைக் காக்க அவளுக்கே கதை சொல்கிறான்.

அவள் நம்பவில்லை. யார் நம்புவார்கள்? வசீர் அங்கே வருகிறான், அவன் வேஷம் கலைகிறது, இளவரசன் அவனைக் கொல்கிறான். குறுவாளை ஃபாராவிடமே திருப்பிக் கொடுக்கிறான். நடுவில் அவளை ஒரு முத்தமிட்டு, அவள் கோபத்தோடு தள்ளிவிட, குறுவாளால் அந்த முத்தத்தை நடக்காததாக ஆக்கியும் விடுகிறான். அது அவனுக்கு மட்டும் ஞாபகம் இருக்கப்போகிற முத்தம். ஏன் இப்படி ஒரு கதையை இட்டுக்கட்டினாய் என்று அவள் கேட்க, கதைதானே என்று அவனும் ஒப்புக்கொண்டுவிடுகிறான்.

கிளம்பும்போது அவள் அவன் பெயரைக் கேட்கிறாள். சின்ன வயதில் இருட்டுக்குப் பயந்தபோது அம்மா அவளுக்கு ஒரு மந்திரச் சொல்லைக் கற்றுக்கொடுத்திருந்தாள், அதைச் சொன்னால் கதவு திறக்கும் என்று. அதை அவள் யாரிடமும் சொன்னதில்லை. அழிந்துபோன அந்தக் காலத்தில் ஒரே ஒரு முறை, இவனிடம் மட்டும் சொல்லியிருந்தாள். இளவரசன் தன் பெயரைச் சொல்லவில்லை. அந்தச் சொல்லைச் சொல்லிவிட்டு இருட்டுக்குள் தாவுகிறான்: கக்கோலூக்கியா.